செலாவணி விகிதத்தைச் சீர்திருத்தினால் வளர்ச்சி வருமா? கானா, நைஜீரியா குறித்து ஒரு கேள்வி

கேள்வி: நெய்தல்

அனைவருக்கும் வணக்கம். வளரும் நாடுகளின் செலாவணிக் கொள்கை குறித்து முதுகலை ஆய்வேடு எழுதிக்கொண்டிருக்கிறேன். இரண்டு ஆப்பிரிக்க நாடுகளின் அனுபவங்களை அருகருகே வைத்துப் பார்க்கும்போது அவை ஒன்றோடொன்று பொருந்த மறுக்கின்றன. விவரம் அறிந்தவர்கள் தெளிவுபடுத்தினால் பெரிதும் உதவியாக இருக்கும்.

கானாவில் 1983 ஏப்ரலில் ஜெரி ராலிங்ஸ் தலைமையிலான அரசு பொருளாதார மீட்புத் திட்டத்தைத் தொடங்கியபோது, ஒரு டாலருக்கு 2.75 சீடி என்பதே அரசு நிர்ணயித்திருந்த விகிதம். அதே ஆண்டு அக்டோபரில் அது 30 சீடி ஆனது. டாலரின் விலை ஒரே ஆண்டில் பத்து மடங்குக்கு மேல் ஏறியும், 1983-ல் 123 சதவீதமாக இருந்த பணவீக்கம் 1984-ல் 40 சதவீதமாகவும் 1985-ல் 10 சதவீதமாகவும் இறங்கிவிட்டது. 1984 முதல் அந்தப் பத்தாண்டின் இறுதிவரை பொருளாதாரம் ஆண்டுக்குச் சராசரியாக 5 சதவீதத்துக்கு மேல் வளர்ந்தது.

நைஜீரியாவில் 2023 ஜூனில் பல விகிதங்களை ஒன்றாக்கி நைராவைச் சந்தையின் போக்கில் விட்டார்கள். டாலருக்கு ஏறத்தாழ 460 நைராவாக இருந்த விகிதம் அடுத்த ஆண்டிலேயே 1,500-ஐத் தொட்டது. பணவீக்கம் 2024 ஜூனில் 34 சதவீதத்தைத் தாண்டியது. வளர்ச்சியோ 3 சதவீதத்தைச் சுற்றியே நின்றது. மக்கள் பட்ட துன்பத்தை நாளிதழ்களில் படித்திருப்பீர்கள்.

நாணயத்தின் மதிப்பைக் குறைத்தால் இறக்குமதிப் பொருள்களின் விலை ஏறும், அந்தச் சுமை ஏழைகள் தலையில்தான் விழும் என்ற வாதம் நைஜீரியாவுக்குச் சரியாகப் பொருந்துகிறது. கானாவுக்கு அது ஏன் பொருந்தவில்லை? கானாவின் வளர்ச்சிக்குச் செலாவணிச் சீர்திருத்தம் உண்மையிலேயே காரணமா, அல்லது வேறு காரணங்களால் வந்த வளர்ச்சியை அதன் கணக்கில் எழுதிவிட்டார்களா?

பதில்: கணக்காயன்

நண்பர் நெய்தல் அவர்களுக்கு, கேள்வியைச் சரியான இடத்தில் கேட்டிருக்கிறீர்கள். பணவீக்கம் ஏன் ஏறவில்லை என்பதற்கு விடை கிடைத்தால், வளர்ச்சி ஏன் வந்தது என்பதில் பாதி தானாகவே விளங்கிவிடும்.

2.75 சீடிக்கு ஒரு டாலர் என்பது கானாவில் 1978 முதல் இருந்த விகிதம். அந்த விலைக்கு டாலர் யாருக்குக் கிடைத்தது என்று முதலில் கேட்க வேண்டும். இறக்குமதி உரிமம் கைவரப் பெற்றவர்களுக்கும், அதிகாரத்தில் இருந்தவர்களுக்கும், அவர்களுக்கு வேண்டியவர்களுக்கும்தான் கிடைத்தது. கள்ளச் சந்தையில் அப்போது டாலர் அரசு விகிதத்தைப் போல இருபது மடங்குக்கும் மேலான விலைக்குப் போய்க்கொண்டிருந்தது. மலிவான டாலரில் சோப்பும் சர்க்கரையும் மருந்தும் வரவழைத்தவர் அவற்றை மலிவாக விற்கவில்லை. கள்ளச் சந்தை டாலரின் கணக்கில் விலை வைத்து விற்றார். கானா மக்கள் இதற்குக் ‘கலபுலே’ என்று பெயர் சூட்டி வெறுத்தார்கள். எனவே அரசு விகிதம் 30 ஆனபோது கடைத்தெருவில் விலை ஏறுவதற்குக் காரணமே இருக்கவில்லை, ஏனென்றால் கடைத்தெரு அந்த விலையைத் தாண்டிப் பல காலம் ஆகியிருந்தது. விலைக்கும் அடக்கவிலைக்கும் இடையே உரிமம் பெற்றவர் அடித்துக்கொண்டிருந்த கொள்ளை லாபம்தான் குறைந்தது.

இனி கோகோ விவசாயியைப் பாருங்கள். அவர் விளைவித்ததை அரசின் கோகோ வாரியம் மட்டுமே வாங்கலாம். வாரியம் அதை லண்டனில் டாலருக்கோ பவுண்டுக்கோ விற்று, அந்தப் பணத்தை அரசு விகிதத்தில் சீடியாக மாற்றி, அதில் ஒரு பங்கை விவசாயிக்குக் கொடுத்தது. விகிதம் 2.75-ல் நிற்கும்வரை எந்த அரசு நினைத்தாலும் அவருக்கு நியாயமான விலை கொடுக்க வழியில்லை. ஆகவே விவசாயிகள் மூட்டைகளை எல்லை கடத்தி ஐவரி கோஸ்டிலும் டோகோவிலும் விற்றார்கள். பலர் மரங்களைப் பராமரிப்பதையே விட்டுவிட்டார்கள். 1960-களின் நடுவில் ஐந்தரை லட்சம் டன்னைத் தாண்டியிருந்த விளைச்சல், 1983-84 பருவத்தில் 1.6 லட்சம் டன்னுக்கும் கீழே விழுந்தது. உலகின் முதல் நிலை உற்பத்தியாளராக இருந்த ஒரு நாட்டின் கதி இது. வறட்சியும் காட்டுத்தீயும் மரங்களின் முதுமையும் இதில் பங்கேற்றன என்றாலும், உழைப்பவனின் வருமானத்தைச் செலாவணி விகிதம் என்ற மறைமுக வரியால் பறித்ததே மூல நோய் என்று நான் கருதுகிறேன். சீர்திருத்தத்துக்குப் பிறகு வாரியம் கொடுத்த விலை டன்னுக்கு 12,000 சீடியிலிருந்து 20,000 ஆகி, படிப்படியாக உயர்ந்து, 1987-ல் 1,50,000 சீடியானது. எண்பதுகளின் இறுதியில் விளைச்சல் மூன்று லட்சம் டன்னை எட்டியது.

பலரும் கவனிக்காமல் விடும் மூன்றாவது செய்தி கருவூலம் பற்றியது. கோகோ ஏற்றுமதியிலும் இறக்குமதித் தீர்வையிலும் வரும் வருவாய் எல்லாம் 2.75 என்ற விகிதத்தில் கணக்கிடப்பட்டதால், அரசின் வருவாய் 1983-ல் மொத்த உள்நாட்டு உற்பத்தியில் 5, 6 சதவீதமாகச் சுருங்கிப்போயிருந்தது. அந்த வருவாயில் எந்த அரசையும் நடத்த முடியாது. மத்திய வங்கியிடம் கடன் வாங்கி, அதாவது பணத்தை அச்சிட்டுத்தான் சம்பளம் கொடுக்க வேண்டும். விகிதத்தைத் திருத்தியதும் அதே கோகோவும் அதே தீர்வையும் பல மடங்கு சீடியை ஈட்டின. 1986-ல் வருவாய் 14 சதவீதத்தை நெருங்கியது. அச்சடிக்க வேண்டிய தேவை குறைந்தது, பணவீக்கமும் தணிந்தது. கானாவில் பண மதிப்பைக் குறைத்ததே விலைவாசியைக் கட்டுப்படுத்த உதவியது என்ற விசித்திரமான முடிவுக்கு இப்படித்தான் வந்து சேர்கிறோம்.

நைஜீரியாவின் நிலைமை தொடக்கத்திலேயே வேறு. 2023-ல் அரசு விகிதத்துக்கும் கள்ளச் சந்தை விகிதத்துக்கும் இடையே இருந்த இடைவெளி இருபது மடங்கு அல்ல, ஏறத்தாழ அறுபது சதவீதம்தான். அழித்தொழிக்க வேண்டிய கொள்ளை லாபம் இருந்தது, ஆனால் கானா அளவில் இல்லை. விகிதம் ஒன்றாக்கப்படுவதற்கு இரண்டு வாரங்களுக்கு முன்புதான் பெட்ரோல் மானியமும் நிறுத்தப்பட்டிருந்தது. பெட்ரோல் உண்மையிலேயே மலிவாக மக்கள் கைக்குப் போய்க்கொண்டிருந்த பொருள். லிட்டருக்கு 200 நைராவுக்குக் குறைவாக இருந்தது சில நாள்களிலேயே 500 நைராவை ஒட்டி உயர்ந்தது. பேருந்துக் கட்டணத்திலிருந்து தக்காளி வரை எல்லாவற்றின் விலையிலும் அது ஏறி உட்கார்ந்தது. இவை போதாதென்று, முந்தைய ஆண்டுகளில் அந்நாட்டு மத்திய வங்கி அரசுக்குக் கொடுத்திருந்த கடன் ஏறத்தாழ 23 லட்சம் கோடி நைராவாகக் குவிந்திருந்தது. அவ்வளவு பணமும் ஏற்கெனவே புழக்கத்துக்கு வந்தாயிற்று. நைராவின் சரிவில் பெரும்பங்கு அந்தப் பழைய கணக்கின் விளைவே.

வளர்ச்சியைப் பொறுத்தவரை இன்னொரு வேறுபாடு உண்டு. நைஜீரியா விற்பது பெட்ரோலியம். நைரா மலிவானதால் எண்ணெய்க் கிணறு கூடுதலாகச் சுரக்காது. குழாய்த் திருட்டும் முதலீட்டுக் குறைவும்தான் அங்கே உற்பத்தியைத் தடுக்கின்றன. கோகோ அப்படியல்ல: விலை கிடைத்தால் விவசாயி களையெடுப்பார், மருந்தடிப்பார், கடத்துவதை நிறுத்துவார்.

உங்கள் கடைசிக் கேள்விக்கும் நேர்மையாகப் பதில் சொல்ல வேண்டும். 1984-ல் கானா கண்ட 8 சதவீதத்துக்கு மேற்பட்ட வளர்ச்சியில் கணிசமான பங்கு மழையுடையது. 1983-ல் வறட்சி மட்டுமல்ல, நைஜீரியா வெளியேற்றிய ஏறத்தாழ பத்து லட்சம் கானா மக்களும் ஊர் திரும்பியிருந்தார்கள். அவ்வளவு ஆழமான பள்ளத்திலிருந்து எழுவது முதலாண்டில் பெரிதாகத்தான் தெரியும். பன்னாட்டு நாணய நிதியமும் உலக வங்கியும் கொடுத்த கடன்களால் உதிரிபாகங்கள் வந்து, நின்றிருந்த லாரிகளும் ஆலைகளும் ஓடின. சீர்திருத்தத்தின் தனிப் பங்கை அறிய 1985-க்குப் பிந்தைய ஆண்டுகளைப் பார்ப்பதே முறை.

பதில்: பாலாற்றங்கரை

கணக்காயன் அவர்கள் சொன்னதோடு பெருமளவு உடன்படுகிறேன். ஆனால் விகிதத்தைத் திருத்தியவுடன் உற்பத்தி துள்ளி எழும் என்ற எண்ணம் கானாவைப் படிப்பவர்களுக்கு வந்துவிடக்கூடும். இந்தியாவின் 1991 அனுபவம் அதைத் திருத்தும்.

அந்த ஆண்டு ஜூலை 1-ஆம் நாளும் 3-ஆம் நாளும் ரிசர்வ் வங்கி ரூபாயின் மதிப்பை இரண்டு படிகளில் குறைத்தது. மொத்தத்தில் 18, 19 சதவீதம். செலாவணிக் கையிருப்பு இரண்டு வார இறக்குமதிக்குப் போதுமான அளவில் இருந்த காலம் அது. ஆயினும் 1991-92 நிதியாண்டில் டாலர் கணக்கில் ஏற்றுமதி கூடவில்லை, சற்றுக் குறைந்தது. சோவியத் ஒன்றியத்துடன் ரூபாயிலேயே நடந்துவந்த வணிகம் சரிந்ததும், இறக்குமதியை இறுக்கிப் பிடித்ததில் மூலப்பொருள் கிடைக்காமல் போனதும் காரணங்கள். அந்த ஆண்டின் வளர்ச்சி ஒன்றரை சதவீதத்தைக்கூட எட்டவில்லை. அன்றைக்கு முடிவு எழுதியிருந்தால் சீர்திருத்தம் தோற்றுவிட்டது என்றுதான் எழுதியிருப்போம்.

மதிப்புக் குறைப்பைவிட, அடுத்த மூன்று ஆண்டுகளில் அமைப்பை மாற்றிய விதமே முக்கியம் என்பது என் கருத்து. முதலில், வணிக அமைச்சராக இருந்த ப. சிதம்பரத்தின் துறை ஏற்றுமதிக்கான ரொக்க மானியத்தை நிறுத்தி, ஏற்றுமதியாளர் ஈட்டிய செலாவணியில் 30 சதவீதத்துக்கு இறக்குமதி செய்யும் உரிமையைச் சந்தையில் விற்கத்தக்க ஓர் ஆவணமாக வழங்கியது. பிறகு 1992 மார்ச்சில் இரட்டை விகிதம் வந்தது: ஈட்டிய டாலரில் 40 சதவீதத்தை அரசு விகிதத்திலும், 60 சதவீதத்தைச் சந்தை விகிதத்திலும் மாற்றிக்கொள்ளலாம். 1993 மார்ச்சில் இரண்டும் ஒன்றாயின. 1994 ஆகஸ்டில் நடப்புக் கணக்கில், அதாவது வணிகம், சேவை போன்றவற்றின் வரவு செலவுகளுக்கு, ரூபாய் முழு மாற்றத்தக்கதாயிற்று. இந்தப் படிகள் ஒவ்வொன்றிலும் சந்தை விகிதம் எங்கே நிற்கிறது என்பதை அதிகாரிகள் கண்டறிய முடிந்தது. வணிகர்களும் அதற்குப் பழகிக்கொண்டார்கள். விகிதங்கள் ஒன்றான பின்னரே, 1993-94 முதல் மூன்று ஆண்டுகள் தொடர்ந்து ஏற்றுமதி டாலர் கணக்கில் 20 சதவீதத்தை ஒட்டி வளர்ந்தது. திருப்பூரின் பின்னலாடைத் தொழில் பெரிதாக விரிந்ததும் அந்த ஆண்டுகளில்தான்.

வெளிநாடுகளில் உழைத்தவர்கள் வீட்டுக்கு அனுப்பிய பணத்தையும் ஆய்வேட்டில் சேர்த்துக்கொள்ளுங்கள். 1990-91-ல் இவ்வகைத் தனியார் வரவு ஏறத்தாழ 200 கோடி டாலர். 1994-95-ல் 800 கோடி டாலருக்கு மேல். இந்த நான்கு ஆண்டுகளில் வளைகுடாவில் சம்பளம் நான்கு மடங்காகிவிடவில்லை. ஹவாலாவிலும் தங்கக் கடத்தலிலும் போய்க்கொண்டிருந்த பணம் வங்கிக்கு வந்தது என்பதே பெருமளவு விளக்கம்.

பதில்: வல்லிபுரம்

இலங்கையிலிருந்து எழுதுகிறேன். இங்கே பேசப்பட்ட மூன்று நாடுகளுக்கும் முன்பாகவே, 1977 நவம்பரில், இந்தச் சீர்திருத்தத்தை இலங்கை செய்தது. 1968 முதல் நடைமுறையில் இருந்த அந்நியச் செலாவணி உரித்துச் சான்றிதழ் முறையின் கீழ் நாட்டில் இரண்டு வீதங்கள் இருந்தன. தேயிலை, இறப்பர், தெங்கு ஆகிய பாரம்பரிய ஏற்றுமதிகளும் அரிசி, கோதுமை மா போன்ற அத்தியாவசிய இறக்குமதிகளும் குறைந்த வீதத்தில். ஏனையவை 65 சதவீதம் வரை மேலதிகமாகக் கொடுத்து மற்ற வீதத்தில். ஜே. ஆர். ஜயவர்தன அரசாங்கம் இவற்றை ஒன்றாக்கி ஒரு டொலருக்கு 16 ரூபாய் என்று வைத்தது. 1978 ஆம் ஆண்டு பொருளாதாரம் 8 சதவீதத்துக்கு மேல் வளர்ந்தது.

ஆனால் அந்த நன்மை ஏன் நிலைக்கவில்லை என்பதே எனக்கு எப்போதும் மனத்தை உறுத்தும் கேள்வி. மகாவலி ஆற்றில் அணைகள் கட்டிய துரித மகாவலித் திட்டத்துக்கும் வீடமைப்புக்கும் அரசாங்கம் செலவிட்ட தொகையால் 1980 இல் வரவு செலவுத் திட்டப் பற்றாக்குறை மொத்த உள்நாட்டு உற்பத்தியின் ஐந்தில் ஒரு பங்கைத் தாண்டியது. பணவீக்கம் 26 சதவீதமாயிற்று. உள்நாட்டு விலைகள் இப்படி ஏறும்போது ரூபாயின் பெயரளவுப் பெறுமதி மட்டும் மெல்ல இறங்கினால், ஏற்றுமதியாளருக்கு 1977 இல் கிடைத்த அனுகூலம் சில வருடங்களில் கரைந்துவிடும். கரைந்தும் போயிற்று.

யாழ்ப்பாணத்துக் கமக்காரரின் கதையையும் சொல்லாமல் விட முடியாது. 1970 முதல் 1977 வரை இறக்குமதி தடைப்பட்டிருந்த காலத்தில் செத்தல் மிளகாயும் வெங்காயமும் பயிரிட்ட எங்கள் பகுதிக் குடும்பங்கள் முதன்முறையாகக் கையில் நாலு காசு பார்த்தன. கல்வீடுகள் எழுந்தன, நீரிறைக்கும் இயந்திரங்கள் வந்தன. சந்தை திறக்கப்பட்டதும் இறக்குமதியான மிளகாயும் வெங்காயமும் விலையை அடித்து வீழ்த்தின. நாட்டின் சராசரி வளர்ச்சி 8 சதவீதம் என்ற எண்ணுக்குள் அவர்களுடைய இழப்பு தெரியவே தெரியாது. செலாவணி வீதத்தைத் திருத்துவதும் இறக்குமதியைத் திறப்பதும் இரண்டு வெவ்வேறு முடிவுகள். அவற்றை ஒரே நாளில் எடுத்தால், முதலாவதால் வந்த நன்மையையும் இரண்டாவதால் வந்த பாதிப்பையும் பிரித்தறிய முடியாமல் போய்விடும். வீதம் திருத்தப்பட்ட அளவுக்கு இறக்குமதி மிளகாயின் விலையும் ரூபாயில் ஏறித்தானே இருக்க வேண்டும்; அந்தப் பாதுகாப்பு போதாமல் போனதற்குக் காரணம் கட்டுப்பாடு நீங்கிய வேகம். சீர்திருத்தம் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. யாருக்கு எவ்வளவு கால அவகாசம் கொடுக்கப்பட்டது என்பதையும் ஆய்வு கேட்க வேண்டும் என்கிறேன்.

அண்மைக் காலத்துக்கு வந்தால், 2021 செப்டெம்பர் முதல் 2022 மார்ச் வரை ஒரு டொலரை 203 ரூபாய்க்கு மேல் போகாமல் பிடித்து வைத்திருந்தார்கள். வங்கிக்கு வெளியே பணம் மாற்றித் தரும் உண்டியல்காரர் அதைவிட மிக அதிகமாகக் கொடுத்தார். வெளிநாட்டில் இருப்போர் அனுப்பிய பணம் வங்கி வழியாக 2020 இல் 710 கோடி டொலர் வந்தது. 2022 இல் வந்தது 380 கோடி டொலர். வீதம் சந்தைக்கு விடப்பட்டு, நிலைமை அடங்கிய 2023 இல் அது 600 கோடி டொலராக மீண்டது. பாலாற்றங்கரை சொன்ன இந்தியக் கணக்கின் அதே பொறிமுறைதான் இங்கேயும் இயங்கியது.

நெய்தல்

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. வல்லிபுரம் ஐயா குறிப்பிட்டது போல, சராசரி எண்களுக்குள் மறையும் இழப்புகளை நான் கவனிக்கவே இல்லை. அதற்கென ஓர் இயலை ஒதுக்கப் போகிறேன்.

ஓர் ஐயம் மட்டும் எஞ்சியுள்ளது. கள்ளச் சந்தையே இல்லாத நாட்டில், அதாவது யார் வேண்டுமானாலும் அரசு விகிதத்திலேயே செலாவணி வாங்க முடிகிற நாட்டில் மதிப்பைக் குறைத்தால் என்ன ஆகும்? அங்கே அழிப்பதற்குக் கொள்ளை லாபம் இல்லையே. டாலரில் கடன் வாங்கியவர்கள் என்ன ஆவார்கள்?

பதில்: கணக்காயன்

முதல் பகுதிக்கு ஏறத்தாழத் தூய சோதனை ஒன்று வரலாற்றிலேயே இருக்கிறது. 1994 ஜனவரியில் டாக்கரில் கூடிய பதின்மூன்று ஆப்பிரிக்க நாடுகள், 1948 முதல் மாறாதிருந்த தங்கள் பொது நாணயமான சி.எஃப்.ஏ. ஃபிராங்கின் மதிப்பைப் பாதியாக்கின. ஒரு பிரெஞ்சு ஃபிராங்குக்கு 50 என்பது 100 ஆனது. அந்நாணயத்துக்கு பிரான்சின் கருவூலம் உத்தரவாதம் தந்ததால் கானாவில் இருந்தது போன்ற கள்ளச் சந்தை அங்கே இல்லை. அதனால் நீங்கள் எதிர்பார்ப்பது போலவே விலைகள் ஏறின: ஐவரி கோஸ்டில் அந்த ஆண்டு பணவீக்கம் 25 சதவீதத்தைத் தாண்டியது, நகரத்துச் சம்பளக்காரர்கள் மிகவும் அவதிப்பட்டார்கள். ஆனால் 1996-க்குள் அது 5 சதவீதத்துக்கும் கீழே வந்துவிட்டது. அந்நாடுகளின் அரசுகள் தம் விருப்பப்படி மத்திய வங்கியில் பணம் அச்சிட முடியாது என்ற கட்டு இருந்ததால் விலையேற்றம் ஒருமுறையோடு நின்றது. பல ஆண்டுகளாகத் தேங்கிக் கிடந்த ஐவரி கோஸ்டின் வளர்ச்சி 1995-ல் 7 சதவீதத்தை ஒட்டி எழுந்தது. அந்தச் சமயத்தில் கோகோ, காப்பி ஆகியவற்றின் உலகச் சந்தை விலை சாதகமாக இருந்ததையும், பிரான்ஸ் கடன்களில் ஒரு பகுதியைத் தள்ளுபடி செய்ததையும் மறக்கக் கூடாது.

டாலர் கடன் பற்றிய உங்கள் ஐயம் மிகவும் நியாயமானது. 1997 ஆகஸ்டில் ரூபாயாவை மிதக்கவிட்ட இந்தோனேசியாவைப் பாருங்கள். நெருக்கடிக்கு முன் டாலருக்கு ஏறத்தாழ 2,400 ஆக இருந்தது 1998-ல் 15,000-ஐயும் தாண்டியது. அந்நாட்டு நிறுவனங்கள் டாலரில் குறுகிய காலக் கடன் வாங்கி, ரூபாயாவில் வருமானம் ஈட்டிக்கொண்டிருந்தன. கடன் சுமை சில மாதங்களில் பல மடங்காகி நிறுவனங்களும் வங்கிகளும் ஒன்றாக மூழ்கின. 1998-ல் பொருளாதாரம் 13 சதவீதம் சுருங்கியது. ஏற்றுமதிக்கு மலிவான நாணயம் இருந்தும், சரக்கு வாங்க வங்கிக் கடன் கிடைக்காதவர் எதை ஏற்றுமதி செய்வார்? 1983-ன் கானாவில் தனியார் எவருக்கும் வெளிநாட்டில் கடன் கொடுக்க ஆளில்லை. அதன் வெளிக்கடன் பெரும்பாலும் அரசுடையது, அரசின் சீடி வருவாயோ விகிதத்தோடு சேர்ந்தே ஏறியது. ஆகவே அந்த ஆபத்து அங்கே எழவில்லை.

ஆய்வேட்டில் எத்தனை நாடுகளை எடுத்துக்கொண்டாலும், ஒவ்வொன்றுக்கும் சீர்திருத்தத்துக்கு முந்தைய ஆண்டின் நான்கு எண்களைத் தேடி எடுங்கள்: அரசு விகிதத்துக்கும் கள்ளச் சந்தைக்கும் இருந்த இடைவெளி, ஏற்றுமதிப் பொருளின் உலக விலையில் உற்பத்தி செய்தவர் கைக்குப் போன பங்கு, மத்திய வங்கி அரசுக்குக் கொடுத்த கடன், தனியார் துறையின் டாலர் கடன். வல்லிபுரம் ஐயா சொன்னதற்கு ஐந்தாவதாக ஒன்று தேவை, ஆனால் அது நாட்டுக் கணக்கில் கிடைக்காது. மாவட்ட அளவிலான விளைபொருள் விலைப் பதிவேடுகளில்தான் தேட வேண்டியிருக்கும்.